4100இல் தொடங்கி டிவி கேம் வரை: அசெம்பிளி கற்க ஒரு வழி

குன்றத்தூர், குரோம்பேட்டை, தாம்பரம் வட்டாரத்துக் கல்லூரிகளில் மைக்ரோப்ராசசர் லேப் முடித்தவர்களில் பலருக்கு 4100 என்ற எண்ணைச் சொன்னாலே போதும், லேப் மேசை கண்முன் வந்துவிடும். பெருங்குடி மின்னணுத் தொழிற்பேட்டையில் உள்ள விஐ மைக்ரோசிஸ்டம்ஸ் தயாரித்த 8085 பயிற்சிக் கிட்டில் மாணவர் தன் புரோகிராமை எழுதத் தொடங்கும் மெமரி முகவரி அது. ஆறு எல்ஈடி இலக்கங்கள், ஹெக்ஸ் விசைப்பலகை, பக்கத்தில் ஆப்கோடு தாள். இரண்டு எண்களைக் கூட்டுவது, பட்டியலில் பெரிய எண்ணைக் கண்டுபிடிப்பது, ஏறுவரிசையில் அடுக்குவது. ரெக்கார்டு நோட்டில் கையெழுத்து வாங்கி வைவா முடிந்தால், அதற்குப் பிறகு அந்தப் பக்கம் தலைவைத்துப் படுப்பவர்கள் குறைவு. இப்படிப் பாதியில் விட்டவர்களுக்கும், லேப் பக்கமே போகாமல் புதிதாக வருபவர்களுக்கும் நான் சொல்லும் வழி ஒன்றுதான். இன்றைய லேப்டாப்பின் ப்ராசசரில் அசெம்பிளி படிக்க உட்காராதீர்கள். 8085இல் தொடங்கி, 1982இல் வந்த இசட்எக்ஸ் ஸ்பெக்ட்ரமுக்குப் போய், அங்கிருந்து 1983இல் வந்த ஃபேமிகாமுக்கு, அதாவது நம் வீடுகளில் 'டிவி கேம்' என்ற பெயரில் அதன் நகலாக வந்து சேர்ந்த பெட்டிக்குப் போங்கள்.

பழசின் மேல் உள்ள பாசத்தால் சொல்வதில்லை இது. லேப் கிட் ப்ராசசரைக் கற்றுக்கொடுத்தது; ஒரு முழுக் கணினியைக் கற்றுக்கொடுக்கவில்லை. விடை ஏதோ ஒரு முகவரியில் ஓர் எண்ணாக நின்றது, சரியா தப்பா என்று பார்த்ததோடு சரி. அந்த வேலைக்கு எவ்வளவு நேரம் பிடித்தது, வேறு விதமாக எழுதியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது கண்ணில் படவே இல்லை. இன்றைய லேப்டாப்பில் சிக்கல் வேறு மாதிரி. இன்டெல் தன் ப்ராசசர்களுக்கு வெளியிடும் கையேடு நாலாயிரம் பக்கங்களைத் தாண்டும். திரையில் ஒரு புள்ளி வைக்க வேண்டுமானாலும் ஆப்பரேட்டிங் சிஸ்டத்திடம் கேட்க வேண்டும். ஒரே லூப்பை இரண்டு முறை ஓட்டினால் இரண்டு நேரம் காட்டும். கேஷ், கட்டளைகளை முன்பின்னாகச் செய்வது என்று நடுவில் ஆயிரம் விஷயம். ஸ்பெக்ட்ரமில் அப்படி ஒன்றும் கிடையாது. மொத்த முகவரிகள் 65,536. எந்த முகவரியில் என்ன இருக்கிறது என்று ஒரு தாளில் எழுதிவிடலாம். ஒவ்வொரு கட்டளைக்கும் எத்தனை கிளாக் துடிப்பு என்பது அட்டவணையில் அச்சாகியிருக்கிறது. ஒரு மனிதரின் மண்டைக்குள் முழுதாக அடங்கும் அளவுக்குச் சிறிய கணினி, அதே சமயம் வீட்டு டிவியில் படம் காட்டும் அளவுக்குப் பெரியது. கற்பதற்கு இந்த அளவுதான் தோது.

அந்தக் காலத்துப் பெட்டிகள் நமக்கு அந்நியமானவையும் இல்லை. 1984-85இல் மத்திய அரசு தொடங்கிய 'கிளாஸ்' திட்டத்தில் நாடெங்கும் சுமார் 250 பள்ளிகளுக்குப் போனவை பிபிசி மைக்ரோ கணினிகள். அதன் பேசிக் மொழிக்குள்ளேயே ஓர் அசெம்ப்ளர் இருந்தது. ஸ்பெக்ட்ரம் பிளஸ்ஸை 1986இல் உரிமம் பெற்று இந்தியாவில் விற்றது டெசிபெல்ஸ் எலக்ட்ரானிக்ஸ். டிவி கேமைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்; சென்னையின் பர்மா பஜாரும் ரிச்சி தெருவும் அதைத் தெருத்தெருவாகக் கொண்டு சேர்த்தன.

முதல் படி, 8085. கிட் கிடைத்தால் நல்லது; கிடைக்காவிட்டால் ஸ்ரீதர் ரத்னகுமார் 2003இல் லினக்ஸுக்காக எழுதிய குனுசிம்8085 இலவசமாகக் கிடைக்கிறது. 2011 முதல் தமிழக அரசு மாணவர்களுக்குக் கொடுத்த விலையில்லா மடிக்கணினி அலமாரியில் தூங்கிக்கொண்டிருந்தால் அதுவே போதும், இந்தக் கட்டுரையில் வரும் எல்லா வேலைக்கும் அதன் சக்தி தாராளம். புரோகிராம் தொடங்கும் இடத்தை 4100 என்று வைத்து ஆறே பைட் எழுதுங்கள். எல்லாம் ஹெக்ஸ்:

21 00 42 36 05 76

21 என்பது 'எல்எக்ஸ்ஐ எச்', அதாவது எச்-எல் ரிஜிஸ்டர் ஜோடியில் ஒரு முகவரியை ஏற்று. முகவரி 4200, ஆனால் உள்ளே போவது 00 முதலில், 42 பிறகு. சின்ன பாதி முன்னால், பெரிய பாதி பின்னால் என்ற இந்த வழக்கத்தைக் கை பழகும்வரை திரும்பத் திரும்பச் செய்யுங்கள். 36 என்பது 'எம்விஐ எம்', அந்த முகவரியில் 05ஐ வை. 76 நிறுத்து. ஓட்டிவிட்டு 4200ஐத் திறந்தால் 05 இருக்கும். அசெம்ப்ளர் மென்பொருள் இதைத் தானே மொழிபெயர்த்துத் தரும்போது ஆப்கோடு தாளைப் பார்த்துக் கையால் ஏன் எழுத வேண்டும் என்று கேட்கலாம். கையால் எழுதினால்தான் ஒரு கட்டளை ஒரு பைட், இரண்டு பைட், மூன்று பைட் என்று நீளம் மாறுவதும், ஜம்ப் செய்யும் இடத்தை எண்ணிக் கணக்கிடுவதும் மனதில் ஏறும். ஒரு வாரம் போதும். அதற்கு மேல் கையால் எழுதிக்கொண்டிருப்பது வீண். ஏறுவரிசைப் புரோகிராமை ரெக்கார்டு நோட்டைப் பார்க்காமல் எழுத முடிந்தால் இந்தப் படி முடிந்தது என்று வைத்துக்கொள்ளலாம்.

இரண்டாம் படியில்தான் கதை சூடு பிடிக்கிறது. ஸ்பெக்ட்ரமின் மூளையான இசட்80, இன்டெல் 8080ஐ வடிவமைத்த ஃபெடரிகோ ஃபாஜின் ஸைலாக் என்ற புது நிறுவனம் தொடங்கி 1976இல் கொண்டுவந்தது. 8080க்கு எழுதிய பைட்டுகள் அதிலும் ஓட வேண்டும் என்பது அவர் வைத்த நிபந்தனை. 8085உம் அதே 8080இன் வாரிசு. ஆகவே லேப்பில் படித்தவருக்கு இசட்80 சொந்தக்கார வீடு மாதிரி. கட்டளைகளின் பெயர்கள் மட்டும் மாறியிருக்கும். மூவ், எம்விஐ, எல்எக்ஸ்ஐ எல்லாவற்றுக்கும் அங்கே 'எல்டி' என்ற ஒரே பெயர். ஃபியூஸ் என்ற எமுலேட்டரை நிறுவி, 128 மாடலைத் தேர்ந்தெடுத்து அதன் பேசிக்கைத் திறங்கள். 48 மாடலில் 'போக்' என்ற சொல்லை எழுத்தெழுத்தாக அடிக்க முடியாது, ஒவ்வொரு சொல்லுக்கும் ஒரு விசை இருக்கும். புதியவரை விரட்ட அது ஒன்றே போதும். 32768 முதல் ஆறு முகவரிகளில் இந்த எண்களைப் 'போக்' செய்யுங்கள். ஸ்பெக்ட்ரம் வழக்கப்படி இவை பதின்ம எண்கள்:

33, 0, 64, 54, 255, 201

ஹெக்ஸ் 21தான் 33. ஹெக்ஸ் 36தான் 54. கிட்டில் அடித்த அதே இரண்டு கட்டளைகள். முகவரி மட்டும் 16384. 'ரேண்டமைஸ் யுஎஸ்ஆர் 32768' என்று கொடுத்தால் திரையின் இடது மேல் மூலையில் எட்டுப் புள்ளி நீளத்துக்கு ஒரு சிறு கோடு விழும். ஸ்பெக்ட்ரமில் 16384 முதல் 6,144 பைட்டுகள்தான் திரையே. 255 என்றால் எட்டு பிட்டும் ஒன்று, எட்டுப் புள்ளியும் கறுப்பு. கடைசியில் மட்டும் நிறுத்தும் கட்டளைக்குப் பதில் 201, 'ரெட்', பேசிக்குக்குத் திரும்பிப் போ. இங்கே கிட்டின் ஹெக்ஸ் 76ஐப் போட்டால் இசட்80 அடுத்த இன்டரப்ட் வரும்வரை மட்டும் நின்று, வந்ததும் அதற்கப்பால் இருக்கும் குப்பைக்குள் நடந்துவிடும். லேப்பில் 'நிறுத்து' என்பது முடிவு. ஒரு முழுக் கணினியில் அது காத்திருத்தல். இந்த வித்தியாசத்தைப் பாடப்புத்தகம் ஒரு வரியில் சொல்கிறது, ஸ்பெக்ட்ரம் ஹேங் ஆகிக் காட்டுகிறது.

இப்போது கோட்டை எழுத்தாக்குவோம். தமிழ் எழுத்துகளில் எட்டுக்கு எட்டுக் கட்டத்தில் சிரமமில்லாமல் உட்காருபவை ப, ட இரண்டும். கீழே இருப்பது 'ப' வரையும் புரோகிராம். 15 பைட் கட்டளை, 8 பைட் படம்:

6, 8, 33, 0, 64, 17, 15, 128, 26, 119, 19, 36, 16, 250, 201,
130, 130, 130, 130, 130, 130, 130, 254

பி ரிஜிஸ்டரில் 8, எச்-எல்லில் திரை, டி-ஈயில் படத்தின் முகவரியான 32783. பிறகு லூப்: படத்திலிருந்து ஒரு பைட்டை எடு (26), திரையில் வை (119), படத்தின் அடுத்த பைட்டுக்குப் போ (19), திரையில் ஒரு வரி கீழே இறங்கு (36), பியில் ஒன்று குறைத்து பூஜ்ஜியம் ஆகும்வரை திரும்பு (16, 250). 250 என்பது இங்கே மைனஸ் ஆறு. ஆறு பைட் பின்னால் போ. இந்தக் கட்டளைகளில் 8085க்குத் தெரியாதது அந்த 16 ஒன்றுதான், 'டிஜேஎன்இசட்'. மற்றவை எல்லாம் பெருங்குடி கிட்டில் அப்படியே ஓடும். கவனிக்க வேண்டியது 36. அது எச்சில் ஒன்றைக் கூட்டுகிறது, அதாவது முகவரியில் 256. அடுத்த வரிக்குப் போக 32ஐக் கூட்டினால் போதும் என்றுதான் யாரும் நினைப்பார்கள், ஒரு வரிக்கு 32 பைட்தானே. ஆனால் ஸ்பெக்ட்ரமில் ஓர் எழுத்துக் கட்டத்துக்குள் எட்டு வரிகளும் 256 இடைவெளியில் இருக்கின்றன. 32ஐக் கூட்டினால் அடுத்த எழுத்துக் கட்டத்துக்கே போய்விடும். எட்டு வரியையும் தாண்டி எச்சைக் கூட்டினால் திரையின் அடுத்த மூன்றில் ஒரு பங்குக்குத் தாவும். குழப்பமாகத் தெரியும் இந்த ஏற்பாட்டால்தான் ஓர் எழுத்தை வரைய 16 பிட் கூட்டல் தேவைப்படாமல், நான்கே துடிப்பில் முடியும் ஒரு பைட் கட்டளை போதுமானதாகிறது. படத்தில் 130க்குப் பதில் 128 போட்டால் 'ட'. 129, 255 என்று முழு அகலத்துக்கு வரைந்து பாருங்கள், பக்கத்து எழுத்தோடு ஒட்டிக்கொள்ளும். பிறகு 'ண' வரைய முயலுங்கள். எட்டுப் புள்ளிக்குள் அது அடங்காது. இரண்டு கட்டம், இரண்டு முகவரி, இன்னொரு லூப் வேண்டும்.

திரை கைவசப்பட்டதும் நேரத்துக்கு வாருங்கள். அசெம்பிளி கற்பதன் சாரம் இங்கேதான் இருக்கிறது, ஆகவே இந்தப் பயிற்சியை அவசரப்படாமல் செய்யுங்கள். 6,144 பைட் திரையையும் ஒரே மதிப்பால் நிரப்ப வேண்டும். நேராக எழுதினால், ஒரு பைட்டை வைக்க 10 துடிப்பு, முகவரியைக் கூட்ட 6, எண்ணிக்கையைக் குறைக்க 6, பூஜ்ஜியமா என்று பார்க்க 4உம் 4உம், திரும்ப 10. ஆக மொத்தம் 40. 6,144 முறைக்கு 2,45,760. ஸ்பெக்ட்ரம் 48இல் டிவியின் ஒரு படத்துக்கு, அதாவது விநாடியில் ஐம்பதில் ஒரு பங்குக்குக் கிடைப்பது 69,888 துடிப்பு. மூன்றரைப் படநேரம் போய்விட்டது, கண்ணுக்கே தெரியும். இசட்80இல் 'எல்டிஐஆர்' என்ற தொடர்நகல் கட்டளை இருக்கிறது, பைட்டுக்கு 21 துடிப்பு. பாதியாகக் குறைந்தது, ஆனாலும் ஒரு படத்துக்குள் அடங்கவில்லை. மூன்றாவது வழி ஸ்டாக். 'புஷ்' கட்டளை 11 துடிப்பில் இரண்டு பைட்டை எழுதுகிறது. ஸ்டாக் பாயிண்டரைத் திரையின் கடைசிக்கு அப்பால் 22528இல் வைத்து 3,072 முறை புஷ் செய்தால் 33,792 துடிப்பு. அரைப் படநேரத்துக்கும் குறைவு. (புஷ்களை வரிசையாக எழுதினால்தான் இந்தக் கணக்கு, லூப்பும், திரை மெமரியைத் தொடும்போது ஸ்பெக்ட்ரம் ப்ராசசரைக் காக்கவைக்கும் நேரமும் கொஞ்சம் கூட்டும்.) ஆனால் முதலில் இன்டரப்டை அணைக்க வேண்டும். பாயிண்டர் 16384ஐ நெருங்கும் நேரத்தில் இன்டரப்ட் வந்தால், திரும்ப வேண்டிய முகவரியை ரோமில் எழுதப்போய்த் தொலைத்துவிட்டு நிற்கும். சப்ரூட்டீன் அழைக்க மட்டும்தான் ஸ்டாக் என்று படித்தவருக்கு, அது வெறும் மெமரி, எங்கே வேண்டுமானாலும் வைக்கலாம் என்பது இந்த ஒரு பயிற்சியில் விளங்கிவிடும். ஒரே வேலை, மூன்று விலை. லேப்பில் கண்ணில் படவே இல்லை என்று நான் சொன்னது இதைத்தான்.

எமுலேட்டரில் ஓட்டுவது நிஜக் கணினியில் ஓட்டுவது ஆகுமா என்று கேட்பவர்கள் உண்டு. கற்கிறவருக்கு ஆகும். ஃபியூஸ் துடிப்புக் கணக்கைக் காப்பாற்றுகிறது. போதாததற்கு, ஒவ்வொரு கட்டளையாக நிறுத்தி ரிஜிஸ்டரைப் பார்க்கும் வசதி தருகிறது. 1982இல் வாங்கியவருக்கு அது கிடைக்கவில்லை. பழைய பெட்டி மேல் ஆசை வந்தால் பிறகு தேடிக்கொள்ளலாம். முதல் நாளே ரிச்சி தெருவுக்குப் போக வேண்டாம். இன்று விற்கும் டிவி கேம்களில் கறுப்புப் பசைப் பொட்டுக்குள் எல்லாமே ஒரே சில்லு, உள்ளே நோண்ட இடமில்லை. பழைய பெட்டி அகப்பட்டால், 2006இலிருந்து அரசு கொடுத்த இலவச வண்ணத் தொலைக்காட்சி இன்னும் வீட்டில் உயிரோடு இருந்தால், அந்தக் குழாய்த் திரைதான் அதற்குப் பொருத்தம்.

மூன்றாம் படி, டிவி கேம். ஃபேமிகாமின் ப்ராசசர் 6502 வகை, சுமார் 1.79 மெகாஹெர்ட்ஸ், 2 கேபி ரேம். சிஏ65 என்ற அசெம்ப்ளரும் மெஸன் என்ற எமுலேட்டரும் போதும். ஸ்பெக்ட்ரமில் எப்போது வேண்டுமானாலும் திரையில் எழுதினோம்; இங்கே திரை ப்ராசசரின் மெமரியிலேயே இல்லை, படச் சில்லின் வசம் தனியாக இருக்கிறது. ஹெக்ஸ் 2006இல் முகவரியையும் 2007இல் மதிப்பையும் கொடுத்து ஒவ்வொரு பைட்டாகத் தள்ள வேண்டும். அதிலும் முகவரியின் பெரிய பாதி முதலில். இத்தனை நாள் பழகியதற்கு நேர் எதிர். படம் வரையாமல் இருக்கும் சிறு இடைவெளியில்தான் தள்ளலாம், மற்ற நேரத்தில் தள்ளினால் படம் கலையும். ஜப்பானிய, அமெரிக்க ரகத்தில் அந்த இடைவெளி ஏறக்குறைய 2,270 துடிப்பு. நகரும் உருவங்களின் பட்டியலை ஏற்ற 513 போய்விடும். மீதியில் ஒரு பைட்டுக்கு 15 துடிப்பு பிடிக்கும் சாதாரண லூப்பை எழுதினால் நூற்றுப் பதினைந்து சொச்சம் பைட் தள்ளலாம். திரையிலோ 960 கட்டங்கள். (இங்கே விற்ற நகல்களில் 50 ஹெர்ட்ஸ் ரகமும் உண்டு, அவற்றில் கணக்கு மாறும்.) ஆகவே முழுத்திரையையும் மாற்றும் எண்ணத்தை விட்டு, எது மாறியதோ அதை மட்டும் எழுதும் பழக்கம் தானாக வரும். முதல் பயிற்சியாகப் பின்னணி நிறத்தை மட்டும் மாற்றுங்கள். அடுத்து ஹெக்ஸ் 4016இல் ஒன்றும் பூஜ்ஜியமும் எழுதி, அதையே எட்டு முறை படித்து, ஜாய்ஸ்டிக்கின் எட்டுப் பொத்தான்களையும் வரிசையாக வாங்குங்கள். பிறகு ஓர் உருவத்தை நகர்த்துங்கள். பந்தும் மட்டையும் ஓடிவிட்டால் நீங்கள் தேறிவிட்டீர்கள்.

8085 பழகியவர்கள் 6502இல் சறுக்கும் இடங்கள் உண்டு. 'கம்பேர்' செய்தபின் 8085இல் ஏ சிறியதாக இருந்தால் கேரி ஒன்று. 6502இல் ஏ பெரியதாகவோ சமமாகவோ இருந்தால் கேரி ஒன்று. கழிப்பதற்கு முன் கேரியை ஒன்றாக்கிக்கொள்ள வேண்டும். 8085இல் 'மூவ்' எந்த ஃபிளாக்கையும் தொடாது; 6502இல் 'எல்டிஏ' ஜீரோ ஃபிளாக்கை மாற்றிவிடும், ஆகவே லூப்பின் நடுவில் ஒரு பைட்டை ஏற்றினாலும் அதற்கு முன் செய்த சோதனை போச்சு. லேப்பில் செய்த பிசிடி கூட்டலை இங்கே முயலாதீர்கள். ஃபேமிகாமின் 6502இல் அந்த வசதியை எடுத்துவிட்டார்கள். ரிஜிஸ்டர் மூன்றுதானா என்று பயப்படவும் வேண்டாம், முதல் 256 பைட் மெமரி ரிஜிஸ்டர் மாதிரியே வேலை செய்யும்.

இதற்கெல்லாம் வேலை கிடைக்குமா என்பது நியாயமான கேள்வி. 6502 தெரிந்தவர் தேவை என்று ஓரகடத்திலோ சிறுசேரியிலோ யாரும் விளம்பரம் கொடுக்கப்போவதில்லை. ஆனால் கார், மீட்டர், மோட்டார் கண்ட்ரோலர் என்று சில கேபி ரேமுக்குள் புரோகிராம் எழுதும் வேலைகளில், இன்டரப்ட் எப்போது வரும், இந்த லூப் எத்தனை துடிப்பு என்ற கணக்கு அன்றாடம். கம்பைலரே நன்றாக எழுதித் தருகிறதே என்பதும் உண்மைதான். அது எழுதியது சரியா, ஏன் மெதுவாக ஓடுகிறது என்று படித்துப் பார்க்கத் தெரிந்தவர்தான் அதை நம்பலாம். இவற்றைவிட வலுவான ஆட்சேபம் ஒன்று இருக்கிறது. கிண்டிக்குப் பக்கத்தில் சென்னை ஐஐடியில் ரிஸ்க்-வி வகையில் ஷக்தி ப்ராசசரையே உருவாக்கியிருக்கும்போது, ஏன் நாற்பது வருடப் பழசில் நேரத்தைப் போட வேண்டும்? ரிஸ்க்-வியின் கட்டளைகள் 8085ஐவிடச் சீரானவை, அடிப்படைத் தொகுப்பில் நீளம் ஒரே மாதிரி, எதிர்காலம் உள்ளவை. இதை மறுக்க முடியாது. வரிசைதான் என் வாதம். ரிஸ்க்-வியில் ஃபிளாக்குகளே கிடையாது, இரண்டு ரிஜிஸ்டரை ஒப்பிட்டு அப்படியே கிளை பிரியும். கேரியோடும் ஜீரோவோடும் மல்லுக்கட்டியவருக்கு அவற்றை ஏன் எடுத்தார்கள் என்பது படித்தவுடன் புரியும். நேராக அங்கே போனவருக்கு அது மனப்பாடம் செய்ய இன்னொரு விதி. டிவி கேம் முடிந்ததும் அந்த 'ப' வரையும் லூப்பை ரிஸ்க்-வி சிமுலேட்டரில் திரும்ப எழுதுங்கள்; எத்தனை பைட் ஆகிறது என்று 15உடன் ஒப்பிட்டுப் பாருங்கள்.